மகாராணியின் மண முக்காடு

அரண்மனையில் வைரக் கிரீடம் இருந்தது. அரசர்கள் அணியும் சிவப்பு வெல்வெட் அங்கியும் இருந்தது. ஆனால் மணப்பெண் இரண்டையும் ஒதுக்கிவிட்டார். வெள்ளைப் பட்டு உடையும், லேஸ் பின்னிய முக்காடும், பூ முடியும் போதும் என்றார்.

அந்த மணப்பெண்தான் இங்கிலாந்தின் விக்டோரியா மகாராணி!

அவர் தேர்ந்தெடுத்த முக்காடு ஏழைப் பெண்கள் பலருக்குச் சோறு போட்டது. கடைசியில் அவரோடு சவப்பெட்டிக்குள்ளும் போனது.

தனி அறை இல்லாத இளவரசி

விக்டோரியா 1819-ம் ஆண்டு மே 24-ந்தேதி லண்டனில் பிறந்தார். எட்டு மாதக் குழந்தையாக இருந்தபோதே தந்தை இறந்துவிட்டார். தாயார் மிகவும் கண்டிப்பானவர். மகளைத் தம் அறையில்தான் தூங்க வைப்பார். மாடிப்படி இறங்கும்போது கூட யாராவது விக்டோரியாவின் கையைப் பிடித்துக்கொள்ள வேண்டும்.

1837-ம் ஆண்டு ஜூன் 20-ந்தேதி பெரியப்பா நாலாம் வில்லியம் மன்னர் காலமானார். 18 வயது விக்டோரியா ராணியானார். அதன் பிறகுதான் அவருக்குத் தனிப் படுக்கை அறை கிடைத்தது!

மாமன் மகன்

விக்டோரியாவின் தாய்மாமன் மகன் ஆல்பர்ட். ஜெர்மானிய இளவரசர். விக்டோரியாவை விட மூன்று மாதம் இளையவர்.

ஆளும் ராணியிடம் ஓர் ஆண் திருமணப் பேச்சை எடுக்கக் கூடாது என்பது அரண்மனை வழக்கம். எனவே 1839-ம் ஆண்டு அக்டோபர் 15-ந்தேதி விக்டோரியாவே வாய் திறந்து கேட்டார். ஆல்பர்ட் உடனே சம்மதித்தார்.

அதற்கு முன் இங்கிலாந்தை ஆளும் ராணி ஒருவருக்குத் திருமணம் நடந்தது 1554-ம் ஆண்டில்தான். 286 ஆண்டுகளாக அப்படி ஒரு திருமணத்தை நாடு பார்க்கவில்லை. மணப்பெண் என்ன உடுத்துவார் என்று எல்லோரும் ஆவலோடு காத்திருந்தார்கள்.

கை வேலைக்கு வந்த ஆபத்து

இங்கிலாந்தின் தென்மேற்கே டெவன் என்ற மாவட்டம் இருக்கிறது. அங்குள்ள ஹோனிட்டன் என்ற ஊர் லேஸ் பின்னலுக்குப் பெயர் போனது. மடியில் ஒரு திண்டை வைத்து, அதன்மேல் ஊசிகளைக் குத்தி, நூல் சுற்றிய சிறு குச்சிகளை மாற்றி மாற்றிப் போட்டுப் பின்னுவார்கள். முதலில் பூவும் இலையும் தனித்தனியாகப் பின்னப்படும். பிறகு அவற்றை ஒன்று சேர்ப்பார்கள். நாகர்கோவில் பக்கத்துப் பெண்களுக்கும் திண்டு வைத்துப் பின்னும் லேஸ் வேலை தெரியும். 19-ம் நூற்றாண்டின் முற்பகுதியில் மிஷனரிகள் அங்கே கொண்டு வந்த தொழில் அது.

டெவன் பெண்களின் பிழைப்பில் மண் விழுந்தது. வலைத்துணி நெய்யும் இயந்திரத்தை ஜான் ஹீத்கோட் என்பவர் கண்டுபிடித்தார். 1816-ம் ஆண்டு அவர் தம் தொழிலை டெவனுக்கே மாற்றினார். கையால் மாதக்கணக்கில் செய்ய வேண்டிய வலையை இயந்திரம் மளமளவென்று தள்ளியது. விலையும் மலிவு. கை லேஸை யார் வாங்குவார்கள்?

இந்த நிலையில்தான் மகாராணியின் ஆர்டர் வந்தது! பாரிஸ், பிரஸ்ஸல்ஸ் லேஸ்களுக்கு அப்போது பெரிய மதிப்பு. விக்டோரியா அவற்றை நாடவில்லை. உள்நாட்டு ஏழைப் பெண்களுக்கு வேலை கொடுக்க விரும்பினார்.

ஹோனிட்டனுக்கு அருகே கடலோரத்தில் பீர் என்ற சிற்றூர் இருக்கிறது. அவ்வூர்க்காரரான ஜேன் பிட்னி என்ற பெண்மணி மேற்பார்வை பார்த்தார். 200-க்கும் மேற்பட்ட பெண்கள் பின்னினார்கள். உடைக்கு வேண்டிய பட்டும் லண்டனில் ஸ்பிட்டல்பீல்ட்ஸ் பகுதி நெசவாளர்களிடமே வாங்கப்பட்டது. வெளிநாட்டுப் பட்டின் போட்டியால் அவர்களும் நொடித்துப் போயிருந்தார்கள்.

உடைக்கு ஏற்ற முக்காடு

1840-ம் ஆண்டு பிப்ரவரி 10-ந்தேதி லண்டனில் திருமணம். காலையில் மழை கொட்டியது. ஆனாலும் தெருவெங்கும் ஜனக் கூட்டம்!

விக்டோரியாவின் உயரம் சுமார் ஐந்தடிதான். அவருடைய முக்காடோ ஒன்றரை கஜச் சதுரம். அது உருவத்தை மூடி மறைக்கவில்லை. முகத்தின்மேல் விழாமல், தலையின் பின்புறத்திலிருந்து தோள் வழியாக இறங்கியது. கூடியிருந்தவர்கள் மணப்பெண்ணின் முகத்தை நன்றாகப் பார்க்க முடிந்தது.

பட்டு உடையின்மேல் தைத்த லேஸும் முக்காட்டு லேஸும் ஒரே வகை. அதனால் இரண்டும் ஒன்றோடொன்று இசைந்தன. தலையில் கிரீடத்துக்குப் பதில் ஆரஞ்சுப் பூ வளையம். மார்பில் ஆல்பர்ட் கொடுத்த நீலக்கல் பதக்கம். உடையின் நீண்ட பட்டு முந்தியைத் தாங்கிய 12 தோழிப் பெண்களுக்கும் வெள்ளை உடைதான். அந்த உடையை விக்டோரியா தம் கையாலேயே வரைந்து காட்டியிருந்தார்.

அதற்கு முன்பும் வெள்ளையில் மணம் செய்தவர்கள் உண்டு. ஆனால் வசதிக்கேற்ப எந்த நிறத்திலும் உடுத்துவார்கள். விக்டோரியாவுக்குப் பிறகு வெள்ளை உடையும் லேஸ் முக்காடும் மேல்நாட்டு மணப்பெண்களின் அடையாளமாகவே ஆகிவிட்டன. ஹோனிட்டன் லேஸுக்கும் மீண்டும் மவுசு வந்தது.

கறுப்பின்மேல் வெள்ளை

தம்பதிக்கு 9 குழந்தைகள் பிறந்தார்கள். 1847-ம் ஆண்டு திருமண நாளுக்குக் கணவருக்கு ஒரு பரிசு கொடுத்தார் விக்டோரியா. வின்டர்ஹால்ட்டர் என்ற ஓவியர் தீட்டிய படம் அது. படத்தில் மண முக்காட்டோடு இருந்தார் விக்டோரியா.

1861-ம் ஆண்டு டிசம்பர் 14-ந்தேதி ஆல்பர்ட் காலமானார். வயது 42தான். அன்று கறுப்பு உடுத்திய மகாராணி அடுத்த 39 ஆண்டுகளும் அதை விடவில்லை. ஆனால் மண நாள் லேஸை மட்டும் அவரால் ஒதுக்க முடியவில்லை. குடும்ப விழாக்களில் கறுப்பு உடையின்மேல் அதை அணிந்துகொள்வார்.

கடைசி மகள் பியாட்ரிஸ் தம்மை விட்டுப் பிரியக் கூடாது என்பது அவர் எண்ணம். தம்மோடுதான் வாழவேண்டும் என்ற நிபந்தனையின் பேரில்தான் அவளுடைய திருமணத்துக்குச் சம்மதித்தார். 1885-ம் ஆண்டு நடந்த அந்தத் திருமணத்தில், மகளின் தலையை அலங்கரித்தது தாயின் மண முக்காடு!

கடைசிப் பயணம்

மகாராணி தம் இறுதிச் சடங்கு எப்படி நடக்க வேண்டும் என்று முன்கூட்டியே எழுதி வைத்திருந்தார். 1901-ம் ஆண்டு ஜனவரி 22-ந்தேதி, 81-ம் வயதில் கண்ணை மூடினார்.

அன்று கறுப்பு உடை கழற்றப்பட்டது. வெள்ளை உடுத்தினார்கள். ஆல்பர்ட் வீட்டில் அணிந்த அங்கியைச் சவப்பெட்டியில் வைத்தார்கள். பீர் கிராமத்துப் பெண்கள் கையால் பின்னிய முக்காட்டை மகாராணிக்குப் போர்த்தினார்கள்.

இந்தியாவின் சக்கரவர்த்தினி என்று பட்டம் சூட்டிக்கொண்டவர் அவர். பல கண்டங்களை ஆண்டவர். அவருடைய கிரீடம் அடுத்து வந்தவர்களுக்குப் போனது. முக்காடு மட்டும் அவரோடு போனது. வின்ட்சருக்கு அருகே பிராக்மோரில் கணவரின் பக்கத்தில், மணப்பெண்ணாகவே உறங்குகிறார் விக்டோரியா.