பழைய கொப்பில் பூக்கும் பூ: விக்டர் லெமுவானும் மாமியின் லைலக்கும்

ரொறன்ரோவில் இருக்கும் என் பெரிய மாமியின் வீட்டு முன்வளவில் ஒரு லைலக் செடி நிற்கிறது. நட்டு ஏழு வருடமாகிறது. ஆளுயரத்துக்கு வளர்ந்து, இலையும் செழிப்பாக இருக்கிறது. பூ மட்டும் இல்லை. பக்கத்து வீட்டில் அதே செடி ஒவ்வொரு மே மாதமும் ஊதா நிறத்தில் கொத்துக்கொத்தாகப் பூக்கிறது. சண்டிலிப்பாயில் பந்தல் போட்டு மல்லிகை வளர்த்த மாமிக்கு இது ஒரு மானப் பிரச்சினை. ஊரில் இருக்கும் எனக்கு வாட்ஸ்அப்பில் படத்தை அனுப்பி, எழுதுகிற பிள்ளைதானே, காரணத்தைத் தேடிச் சொல்லு என்று கேட்டிருந்தார்.

தேடப் போன இடத்தில் எனக்குக் கிடைத்தது ஒரு மனிதரின் வாழ்க்கை.

விக்டர் லெமுவான் 1823 ஒக்டோபரில் பிரான்சின் லொரைன் பகுதியில் உள்ள டெல்ம் என்ற சிற்றூரில் பிறந்தார். தோட்டக்காரர் குடும்பம். இளவயதில் வெவ்வேறு நாற்றுமேடைகளில் வேலை பழகினார். பெல்ஜியத்தின் கெண்ட் நகரில் லூயி வான் ஊட் என்ற பெயர்பெற்ற தோட்டக்கலைஞரிடமும் இருந்தார். பின்னர் நான்சி நகரில் சொந்தமாக ஒரு சிறிய நாற்றுமேடையைத் தொடங்கினார்.

அவருக்கு முதலில் பெயர் வாங்கிக் கொடுத்த செடி நமக்குப் புதிதல்ல. எங்கள் முற்றத்துச் சாடிகளில் வெயிலேற விரிகிற பத்துமணிப்பூதான் அது. 1850களின் தொடக்கத்தில் அதில் அடுக்குப் பூ வகையொன்றை அவர் உருவாக்கினார். பியூஷியா, ஜெரேனியம், பிகோனியா என்று அவர் கைபட்ட செடிகளின் பட்டியல் நீளமானது. ஆனால் உலகம் அவரை நினைவில் வைத்திருப்பது லைலக்குக்காக.

1870 இல் பிரான்சுக்கும் பிரஷ்யாவுக்கும் போர் மூண்டது. ஓகஸ்ட் மாதமே நான்சி வீழ்ந்தது. மூன்று வருடங்கள், 1873 வரை, நகரம் அந்நியப் படையின் பிடியில் இருந்தது. 1871 உடன்படிக்கையில் எல்லைக்கோடு நகர்ந்தபோது நான்சி பிரான்சுக்குள் நின்றது. அவர் பிறந்த டெல்ம் ஜேர்மனிக்குப் போனது. சொந்த ஊர் இன்னொரு நாடாகிவிட்ட மனிதர் அவர். ஊரைவிட்டு வந்தவர்களால் நான்சி நிரம்பியது.

அந்தக் காலத்தில்தான் லெமுவான் லைலக்கில் கைவைத்தார். அவரிடம் அடுக்குப் பூ பூக்கும் பழைய லைலக் செடியொன்று இருந்தது. பூ சிறியது, பார்வைக்கும் சுமார். அடுக்குப் பூவில் மகரந்தம் தரும் கேசரங்கள் இதழ்களாக மாறிவிடுவதால் அதிலிருந்து மகரந்தம் எடுக்க முடியாது. ஒற்றைப் பூ லைலக்கின் மகரந்தத்தைக் கொண்டுவந்து, நெருங்கிய இதழ்களுக்குள் மறைந்திருக்கும் சூல்முடியில் ஒவ்வொரு பூவாகத் தடவவேண்டும். சீனாவிலிருந்து வந்த, முந்திப் பூக்கும் இன்னொரு லைலக்கையும் அவர் இதற்குப் பயன்படுத்தினார்.

லெமுவானுக்கோ அப்போது கண்பார்வை மங்கியிருந்தது. எனவே ஏணியில் ஏறி அந்த நுணுக்கமான வேலையைச் செய்தவர் அவரது மனைவி மரி லூயீஸ். அத்தனை பூக்களில் தடவியும் முதல் வருடம் கிடைத்த விதைகள் விரல்விட்டு எண்ணக்கூடியவை. அவற்றை விதைத்து, கன்றாக்கி, பூக்கும்வரை வருடக்கணக்கில் காத்திருந்தார்கள். 1870களின் பிற்பகுதியில்தான் அவர்களது முதல் அடுக்கு லைலக்குகள் விற்பனைக்கு வந்தன. 1890 இல் வந்த வெள்ளை அடுக்கு லைலக் ஒன்றுக்கு மதாம் லெமுவான் என்று பெயர். அது இன்றும் விற்பனையில் இருக்கிறது.

மகன் எமிலும் பேரன் ஹென்றியும் தொழிலைத் தொடர்ந்தார்கள். 1955 இல் நாற்றுமேடை மூடப்படும்வரை அந்தக் குடும்பம் உருவாக்கிய லைலக் வகைகள் 200 இற்கும் மேல். 1911 இல் அமெரிக்காவின் மசாசூசெட்ஸ் தோட்டக்கலைச் சங்கம் லெமுவானுக்குப் பதக்கம் வழங்கியது. அதே வருடம் டிசெம்பரில், 88 வயதில் அவர் காலமானார். டெல்ம் மீண்டும் பிரான்சோடு சேர்ந்தது 1918 இல். அதைப் பார்க்க அவர் இருக்கவில்லை.

இதை வாசித்தபோது 1995 ஒக்டோபர் 30 நினைவுக்கு வந்தது. வலிகாமமே எழும்பி நடந்த அந்த இரவில் எனக்கு ஆறு வயது. அடுத்த வருடம் திரும்பி வந்தபோது வீட்டுக்கு ஓடும் இல்லை, கதவும் இல்லை. மல்லிகைப் பந்தல் சரிந்து கிடந்தது. அம்மா அதை அடியோடு வெட்டிவிட்டுத் தண்ணீர் ஊற்றினா. புதுத்தளிர் வந்தது, தளிரோடு பூவும் வந்தது. வெட்டினால் பூக்கும் என்பது எங்கள் வீட்டில் அன்றிலிருந்து ஒரு நம்பிக்கை.

மாமியின் பிழையும் அங்கேதான் இருக்கிறது. மல்லிகையும் லைலக்கும் ஒரே தாவரக் குடும்பம்தான், ஆனால் குணம் வேறு. மல்லிகை புதுத்தளிரில் பூக்கும். லைலக் முந்தின வருடத்துக் கொப்பில் பூக்கும். மே மாதம் பூத்து முடிந்த கையோடு, அந்தக் கோடையிலேயே அடுத்த வருடத்துக்கான மொட்டுகளை அது கட்டிவிடுகிறது. பிறகு பனிக்காலம் முழுவதும் அந்த மொட்டு உறங்கவேண்டும். அந்தக் குளிர் இல்லாததால்தான் சண்டிலிப்பாயில் லைலக் பூக்காது. மாமி ஒவ்வொரு ஒக்டோபரிலும், பனி கொட்டமுதல் செடியைச் சுற்றிவர அழகாக வெட்டிவிடுகிறார். ஏழு வருடமாக அவர் வெட்டியது வரப்போகிற பூக்களை.

மாமிக்கு நான் எழுதி அனுப்பியது இதுதான். வெட்டுவதென்றால் பூ வாடிய இரண்டு மூன்று வாரத்துக்குள் வெட்டுங்கள். வாடிய கொத்துகளை அகற்றுங்கள். செடி முதிர்ந்து நெருங்கினால், வருடத்துக்கு மூன்றிலொரு பங்குக்கு மேற்படாமல், மிகப் பழைய தண்டுகளை மட்டும் நிலத்தோடு எடுங்கள். நாளுக்கு ஆறு மணித்தியாலமாவது நேர்வெயில் படட்டும். புல்லுக்குப் போடும் தழைச்சத்து உரம் அதன் வேருக்குப் போனால் இலைதான் தழைக்கும். தண்ணீர் தேங்கவிடாதீர்கள். சுண்ணாம்புத் தன்மையுள்ள மண் அதற்குப் பிடிக்கும். மண் விசயத்தில் மட்டும் அது எங்கள் ஊர்ச் செடிபோலத்தான்.

ரொறன்ரோவிலிருந்து ஒரு மணித்தியால ஓட்டத்தில், ஹமில்ரன் பக்கத்தில், றோயல் தாவரவியல் பூங்காவில் பெரியதொரு லைலக் தொகுப்பு இருக்கிறது. லெமுவான் குடும்பத்தின் வகைகளையும் அங்கே பார்க்கலாம். மே கடைசியில் போய் அவற்றைப் பாருங்கள் என்றும் எழுதினேன்.

மாமியிடமிருந்து ஒரு கேள்விதான் பதிலாக வந்தது. வெட்டாமல் விட்டால் வளவு காடுமாதிரித் தெரியாதா என்று கேட்டிருந்தார். தெரியும்தான் மாமி. இந்த ஒரு ஒக்டோபர் மட்டும் கத்தரிக்கோலை உள்ளே வையுங்கள்.