பசியறிந்த படைத்தலைவன்

போர்க்களம் பல கண்டு, பகைவரை வென்று, பின்னர் ஒரே ஒரு கடிதத்தால் வீழ்ந்த தளபதி ஒருவர் சீனத்தில் இருந்தார். மார்ஷல் பெங் டே ஹுவாய் என்பது அவர் பெயர். கொரியப் போரில் அமெரிக்கப் படைகளுக்கு எதிரே சீனத் தொண்டர் படையை நடத்திச் சென்றவர். பீரங்கி அவரைச் சாய்க்கவில்லை. வானூர்திகள் பொழிந்த குண்டுமாரி அவரைச் சாய்க்கவில்லை. சொந்தக் கட்சி சாய்த்தது! என்ன குற்றம் செய்தார்? நாட்டைக் காட்டிக் கொடுத்தாரா? பொதுப்பணத்தைச் சுருட்டினாரா? இல்லை தோழர்களே, இல்லை! ஊரின் நிலையை உள்ளது உள்ளபடி தலைவரிடம் சொன்னார். அதுதான் குற்றம்!

1898-ஆம் ஆண்டு, ஹூனான் மாநிலத்தில், மாசேதுங் பிறந்த அதே சியாங்டான் வட்டத்தில் பிறந்தவர் பெங். ஏழை உழவர் குடும்பம். சிறு வயதிலேயே தாயை இழந்தார். பள்ளிக்கூடம் இரண்டே ஆண்டுகளில் கைவிட்டுப் போயிற்று. கைக்குழந்தையாக இருந்த தம்பி பட்டினியால் மாண்டான். புத்தாண்டு நாளில், ஊரார் விருந்துண்ணும் வேளையில், தம்பியை அழைத்துக்கொண்டு வீடு வீடாகப் பிச்சைக்குப் போனவர் அவர். மாடு மேய்த்தார். நிலக்கரிச் சுரங்கத்தில் கரி சுமந்தார். உழைத்த கூலி முழுதும் கைக்கு வரவில்லை. வறட்சி வந்தபோது, பதுக்கிய தானியத்தைப் பசித்தவர்கள் திரண்டு எடுத்தார்கள். அவர்களோடு நின்றதால் ஊரைவிட்டே ஓட நேர்ந்தது. ஏரிக்கரையில் மண் சுமந்து பிழைத்தார். 1916-ல் படையில் சேர்ந்தார்.

பசி என்றால் என்ன என்பதை அவர் புத்தகத்தில் படிக்கவில்லை, வயிற்றில் படித்தார். அந்தப் பாடம் அவருக்கு இறுதிவரை மறக்கவில்லை. மற்றவர்கள் மறந்தபோதும் மறக்கவில்லை. அதனால்தான் அவர் வாழ்க்கையை இன்று நாம் எடுத்துப் பேசுகிறோம்.

1928-ல் கம்யூனிஸ்டுக் கட்சியில் சேர்ந்தார். அதே ஆண்டு ஜூலையில் பிங்ஜியாங்கில் தம் படைப்பிரிவோடு கிளர்ந்தெழுந்தார். நெடும்பயணத்தில் நடந்தார். ஜப்பானியரை எதிர்த்தார். 1950 அக்டோபரில் கொரியப் போர்ப் பொறுப்பை ஏற்றார். 1953 ஜூலையில் போர் நிறுத்தம் கண்டார். 1954-ல் பாதுகாப்பு அமைச்சர். 1955-ல் நாட்டின் பத்து மார்ஷல்களில் ஒருவர். பிச்சைப் பாத்திரம் ஏந்திய கை, பெரும்படையை ஏவும் கை ஆயிற்று!

நாட்டில் என்ன நடந்தது? 1950-ல் நிலச் சீர்திருத்தச் சட்டம் வந்தது. பண்ணையாரின் நிலம் உழவனுக்குப் பங்கிடப்பட்டது. தலைமுறை தலைமுறையாகக் குத்தகைக்கு உழுதவன், என் நிலம் என்று முதன்முதலாகச் சொன்னான். எத்தனை நாள் சொன்னான்? 1956 முடிவதற்குள் பெரும்பாலான குடும்பங்கள் கூட்டுப் பண்ணைக்குள் கொண்டுவரப்பட்டன. 1958-ல் மக்கள் கம்யூன்கள் வந்தன. சில மாதங்களில் ஏறத்தாழ 26,000 கம்யூன்களில் நாட்டின் உழவர் குடும்பங்கள் அனைத்தும் அடக்கப்பட்டன என்றே சொல்லலாம். நிலம் போயிற்று. ஏர் போயிற்று. மாடு போயிற்று. வீட்டுக் கொல்லையில் காய்கறி போட்டிருந்த சிறு துண்டு நிலமும் போயிற்று. விருப்பமா என்று உழவனை யாரும் கேட்கவில்லை.

அடுப்பையும் விட்டார்களா? இல்லை! எல்லோருக்கும் பொதுச் சாப்பாட்டுக் கூடம் என்றார்கள். எஃகு உற்பத்தியை ஒரே ஆண்டில் இரட்டிப்பாக்கி 1 கோடியே 7 லட்சம் டன் ஆக்குவோம் என்று சொல்லி, ஊருக்கு ஊர் மண் உலைகள் எழுப்பினார்கள். வீட்டுச் சட்டியும் பானையும் அந்த உலைகளில் உருகின. உருகி வந்ததில் பெரும்பகுதி எதற்கும் உதவாத இரும்புக் கட்டி! அறுவடைக் காலத்தில் ஆட்கள் உலையடியில் நின்றார்கள். விளைந்த கதிர் வயலிலேயே உதிர்ந்தது.

இங்கே ஒன்றை நன்றாகக் கவனிக்க வேண்டும். நிலம் தனதாக இருக்கும்போது, விளைச்சல் குறைந்தால் உழவன் ஒரு பிடியை ஒளித்து வைத்தாவது பிள்ளைக்குக் கஞ்சி ஊற்றுவான். கம்யூனில் அவனுக்கென்று குதிர் இல்லை, அடுப்பு இல்லை, பானை இல்லை. பொதுக் கூடத்தில் அகப்பை நின்றால் அவன் உயிரும் நின்றது. அகப்பை யார் கையில் இருக்கிறதோ அவனுக்கு அடங்கித்தான் ஆக வேண்டும். எதிர்த்துப் பேசினால் சோறு இல்லை!

பேச அஞ்சிய நாட்டில் கணக்கு மட்டும் கொழுத்தது. ஓர் ஊர் இரண்டு மடங்கு விளைந்தது என்றால், அடுத்த ஊர் ஐந்து மடங்கு என்றது. குறைத்துச் சொன்ன ஊழியன் பிற்போக்காளன். கூட்டிச் சொன்னவன் வீரன். 1958-ல் 37 கோடியே 50 லட்சம் டன் தானியம் விளைந்ததாக நாட்டுக்கு அறிவித்தார்கள். உண்மையில் விளைந்தது 20 கோடி டன் அளவே. பொய் காகிதத்தோடு நின்றிருந்தால் சிரித்துவிட்டுப் போகலாம். நிற்கவில்லையே! ஏட்டில் ஏறிய கணக்கின்படி அரசு தன் பங்கைக் கேட்டது. இல்லாத விளைச்சலுக்கு இருக்கும் தானியத்தை அள்ளிச் சென்றது. 1959-ல் மட்டும் 40 லட்சம் டன்னுக்கு மேல் தானியம் வெளிநாட்டுக்கு ஏற்றுமதியாயிற்று!

பெங் 1958 இறுதியில் ஹூனானுக்குப் போனார். பிறந்த மண்; கிளர்ச்சி செய்த மண். அங்கே கணக்கு வேறு, களம் வேறு என்று கண்டார். அலுவலகத்தில் அவரிடம் காட்டிய புள்ளி விவரத்தை வயிறு காய்ந்த முகங்கள் பொய்யாக்கின. அவர் என்ன செய்திருக்கலாம்? கண்ணை மூடிக்கொண்டு தலைநகருக்குத் திரும்பியிருக்கலாம். மார்ஷல் பதவி இருந்தது, மாளிகை இருந்தது, சோற்றுக்குக் குறைவில்லை. தம்பி பட்டினியால் செத்ததை மறந்திருந்தால், அவரும் அப்படியே இருந்திருப்பார்.

1959 ஜூலையில் லூஷான் மலையில் கட்சித் தலைவர்கள் கூடினார்கள். நடந்த தவறுகளைத் திருத்தத்தான் கூட்டம் என்றார்கள். பெங் ஜூலை 14-ல் மாசேதுங்குக்குக் கடிதம் எழுதினார். கடுமையான கடிதமா? அதுவும் இல்லை. முதலில் சாதனைகளை ஒப்புக்கொண்டார். பிறகு, மிகைப்படுத்தும் போக்கு எங்கும் பரவிவிட்டதையும், எஃகு உலைகளில் பொருளும் உழைப்பும் வீணானதையும், வேகத்தில் வெறி கலந்துவிட்டதையும் எடுத்துக் காட்டினார். தோழன் தோழனுக்கு எழுதிய தனிக் கடிதம் அது.

மாசேதுங் அதை அச்சடித்து எல்லோருக்கும் கொடுக்கச் செய்தார். ஜூலை 23-ல் எழுந்து அதைத் தாக்கிப் பேசினார். அவ்வளவுதான்! முதல் நாள் தலையாட்டியவர்கள் மறுநாள் கல்லெறிந்தார்கள். பெங்குடன் ஒத்துப் பேசிய ஹுவாங் கெசெங், ஜாங் வென்டியன், ஜோ சியாவ்ஜோ ஆகியோரையும் சேர்த்துக் கட்சி விரோதக் கும்பல் என்று முத்திரை குத்தினார்கள். செப்டம்பரில் அமைச்சர் பதவி லின் பியாவுக்குப் போயிற்று.

ஒரு மனிதர் பதவி இழந்தார் என்பதோடு கதை முடிந்திருந்தால், நாம் இதை இவ்வளவு எழுத வேண்டியதில்லை. லூஷானிலிருந்து கீழே இறங்கியது என்ன? அச்சம்! மார்ஷலுக்கே இந்தக் கதி என்றால், கிராமத்து ஊழியன் வாய் திறப்பானா? பெங்கைப் போல் பேசுகிறவர்களைத் தேடும் வேட்டை நாடெங்கும் நடந்தது, லட்சக்கணக்கானவர்கள் தண்டிக்கப்பட்டார்கள். திருத்த வேண்டிய தவறு, இரட்டை வேகத்தில் ஓடியது. ஹோனான் மாநிலத்துச் சின்யாங் வட்டாரத்தில் 80 லட்சம் மக்களில் ஏறத்தாழ 10 லட்சம் பேர் மடிந்தார்கள். அங்கே அரசுக் களஞ்சியங்களில் தானியம் இருந்தது! ஒளித்து வைத்திருக்கிறாய் என்று சொல்லி உழவனை அடித்தார்கள். 1960-ல் நாட்டின் விளைச்சல் 14 கோடியே 35 லட்சம் டன்னாகச் சரிந்தது. 1959 முதல் 1961 வரை மாண்டவர்கள் ஒன்றரைக் கோடி என்கின்றன குறைந்த கணக்குகள். மூன்று கோடி என்பார் பலர். நாலரைக் கோடி என்பாரும் உண்டு.

வானம் பொய்த்தது என்றார்கள். பொய்த்தது வானம் மட்டுமா? 1962 ஜனவரியில், ஏழாயிரம் ஊழியர் கூடிய மாநாட்டில், நாட்டின் தலைவராக இருந்த லியூ ஷாவ் சி, பெரும்பங்கு பழி மனிதர் செயலுக்கே உரியது என்ற உழவர்களின் முடிவை எடுத்துரைத்தார். பெங் எழுதியது உண்மை என்று ஊரே சொல்லிவிட்டது. ஆனாலும் பெங்குக்கு விடுதலை இல்லை!

அந்த ஆண்டுகளில் பெங் பீக்கிங் புறநகரில் ஒரு பழைய வீட்டில் இருந்தார். சிறு துண்டு நிலத்தில் தாமே கோதுமை விதைத்து, எவ்வளவுதான் விளையும் என்று அளந்து பார்த்தார். 1962-ல் தம் வாழ்க்கையையும் வழக்கையும் நீண்ட கடிதமாக எழுதினார். பயனில்லை. 1966 இறுதியில், செங்டு நகரிலிருந்து செங்காவலர்கள் அவரைப் பிடித்து வந்தார்கள். அடித்தார்கள், விலா எலும்பை முறித்தார்கள், கூட்டத்தின் முன் நிறுத்தி இழிவு செய்தார்கள். 1974 நவம்பர் 29-ல், புற்றுநோயால், காவலில் மாண்டார். உடலை எரித்த சாம்பலுக்குக்கூட அவருடைய பெயரைத் தரவில்லை. பொய்ப்பெயர் எழுதி அனுப்பினார்கள். மாசேதுங் மறைந்து இரண்டு ஆண்டுகள் கழித்து, 1978 டிசம்பரில், கட்சி அவருக்குப் பெயரையும் பெருமையையும் திருப்பித் தந்தது.

அவருக்குத் தந்தார்கள். பொதுக் கூடத்து வாசலில் கிண்ணத்தோடு காத்திருந்து சாய்ந்த உழவனுக்கு யார் எதைத் திருப்பித் தருவார்?

தலைவர் வாழ்க என்று முழங்க ஆயிரம் தொண்டர் கிடைப்பர். தலைவரே, ஊரில் அடுப்பு எரியவில்லை என்று சொல்ல ஒருவன் கிடைப்பது அரிது. அவன் சொல் கசக்கும். கசந்தாலும் கேட்க வேண்டும். அவனைக் காக்க வேண்டும். காக்கத் தவறிய கட்சிக்கு என்ன நேர்ந்தது என்று கேட்பவர்களுக்கு, பதிலைக் கட்சி ஏடுகளில் தேட வேண்டாம். ஹூனானிலும் ஹோனானிலும் உழவர் புதைந்த மண் சொல்லும்.