உடுவில் கண்ட கல்வித்தாய்

பெண்ணுக்கு எழுத்தறிவு எதற்கு என்று யாழ்ப்பாணத்துப் பெற்றோர் தயங்கிய காலத்தில், 1824ஆம் ஆண்டு உடுவிலில் அமெரிக்க மிஷனார் பெண்கள் விடுதிப்பள்ளி தொடங்கினர். அப்பள்ளியையே தம் வாழ்வாகக் கொண்டவர் எலைசா அக்னியூ அம்மையார்.

1807இல் நியூயார்க்கில் பிறந்த அவர், கடல்கடந்து தொண்டாற்றச் சிறுவயதிலேயே உறுதி பூண்டார். எனினும் பெற்றோரைப் பேணும் கடமை முடிந்த பின்னரே புறப்பட்டார். 1840இல் யாழ்ப்பாணம் வந்தவர் பிறகு தாயகம் திரும்பவேயில்லை. ஏறத்தாழ நாற்பதாண்டுகள் கற்பித்தார். தாய் பயின்ற பள்ளியில் மகளும், பின்னர்ப் பேத்தியும் பயின்றனர். ஆயிரம் புதல்வியரின் தாய் எனப் போற்றப்பெற்ற அம்மையார் 1883இல் அம்மண்ணிலேயே மறைந்தார்.

அவர் சமயப்பணிக்கென வந்தவர் என்பதை நாம் மறப்பதற்கில்லை. ஆயினும், கற்ற தாய் தன் மகளைக் கல்லாதவளாக விடாள் என்பதை அம்மூன்று தலைமுறையும் நமக்கு உணர்த்துகின்றன. ஸ்ரீமுஷ்ணம் போன்ற நம் ஊர்களில், மகளின் படிப்பை இடையில் நிறுத்த எண்ணும் பெற்றோர் இதனைச் சிந்திப்பார்களாக.