கண் வழியே மூளையின் அழுத்தத்தைப் படிக்கச் சொல்லித்தந்தவர்: யார் இந்த கிரேஃபே?

கண் பரிசோதனை என்றதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வருது? எழுத்துப் பலகையைப் படிச்சு, பவர் எழுதி வாங்கிக்கிட்டு வர்றதுதானே. அது பரிசோதனையில் பாதிதான். இன்னொரு பாதியில் கண்ணில் சொட்டு மருந்து விடுவார்கள். கண்மணி விரியும்வரை உட்காரவைத்து, கூசுகிற விளக்கு ஒன்றைக் கண்ணுக்குள் அடித்துப் பார்ப்பார்கள். அதன் பிறகு சில மணி நேரம் லேப்டாப் திரை மங்கலாகவே தெரியும் என்பதால், நம்மில் பலர் 'அடுத்த தடவை பாத்துக்கலாம்' என்று நழுவிவிடுவோம்.

அந்த விளக்கு முக்கியமாகத் தேடிப்போவது, விழித்திரையில் மூக்குப் பக்கமாக இருக்கும் ஒரு வெளிறிய வட்டத்தை. அகலம் சுமார் ஒன்றரை மில்லிமீட்டர். ஆப்டிக் டிஸ்க் என்பார்கள். நீங்கள் பார்க்கிற எல்லாவற்றையும் மூளைக்குச் சுமந்துபோகிற 10 லட்சத்துக்கும் மேற்பட்ட நரம்பிழைகள் ஒரே கட்டாகச் சேர்ந்து கண்ணைவிட்டு வெளியேறும் வாசல் அதுதான். பார்வை நரம்பு உண்மையில் மூளையின் ஒரு நீட்சி. அதனால், கத்தி வைக்காமல், ஓட்டை போடாமல், மூளையின் ஒரு துண்டை நேரடியாகப் பார்க்க உடம்பில் இருக்கிற இடம் இந்த வட்டம்தான்.

இந்த வட்டம் வீங்கியிருக்கிறதா, குழிந்திருக்கிறதா, வெளிறிவிட்டதா என்று படிக்கக் கற்றுக்கொண்ட முதல் தலைமுறையின் தலைமகன் ஒரு ஜெர்மானியர். பெயர் அல்பிரெக்ட் ஃபான் கிரேஃபே. வாழ்ந்தது 42 ஆண்டுகள்தான்.

மூக்கு மருத்துவரின் மகன்

1828 மே 22-ல் பெர்லினில் பிறந்தார். அப்பா கார்ல் ஃபெர்டினாண்ட் ஃபான் கிரேஃபே அந்தக் காலத்தின் பெரிய அறுவை மருத்துவர். நெற்றித் தோலை மடித்து இறக்கி, வெட்டுப்பட்ட மூக்கைத் திரும்ப உருவாக்கும் இந்திய முறை ஒன்று உண்டு. அதை 1818-ல் தன் புத்தகத்தில் விளக்கி ஜெர்மன் மருத்துவர்களுக்கு அறிமுகம் செய்தவர்களில் அவரும் ஒருவர். அல்பிரெக்ட்டுக்கு 12 வயதானபோது அப்பா போய்விட்டார்.

பையன் படிப்பில் படுசுட்டி. 19 வயதில் மருத்துவப் பட்டம். அதற்குப் பிறகு ப்ராக், பாரிஸ், வியன்னா, லண்டன் என்று ஊர் ஊராகக் கற்கப் போனார். ப்ராகில் ஃபெர்டினாண்ட் ஆர்ல்ட் என்ற ஆசிரியர்தான் அவரைக் கண் பக்கம் திருப்பினார். லண்டனில் 1851-ல் ஹாலந்துக்காரரான டொண்டர்ஸைச் சந்தித்தார். அந்த நட்பு கடைசிவரை நீடித்தது. பின்னாளில் இந்த மூன்று பேரும் சேர்ந்தே ஒரு மருத்துவ இதழை நடத்தினார்கள்.

அதே 1851-ல் இன்னொன்றும் நடந்தது. கோனிக்ஸ்பெர்க் நகரில் வேலை பார்த்துக்கொண்டிருந்த ஹெர்மன் ஃபான் ஹெல்ம்ஹோல்ட்ஸ், ஆப்தால்மோஸ்கோப் பற்றிய தன் சிறு நூலை வெளியிட்டார். அதுவரை உயிருள்ள மனிதனின் கண்ணுக்குள் என்ன இருக்கிறது என்று மருத்துவர்களால் பார்க்க முடியவில்லை. கண்மணி ஏன் கறுப்பாகத் தெரிகிறது? உள்ளே போகும் ஒளி வந்த வழியே திரும்புகிறது. அதைப் பார்க்க நீங்கள் தலையை நீட்டினால், உங்கள் தலையே விளக்கை மறைத்துவிடும். ஹெல்ம்ஹோல்ட்ஸ் சாய்வாக வைத்த கண்ணாடித் துண்டுகளால் ஒளியைக் கண்ணுக்குள் திருப்பிவிட்டு, அவற்றின் ஊடாகவே பார்த்தார். அவ்வளவுதான் சூட்சுமம்.

கருவியைச் செய்தவர் ஹெல்ம்ஹோல்ட்ஸ். ஆனால் அவர் நோயாளிகளைப் பார்க்கும் ஆள் இல்லை. உடலியல், இயற்பியல் என்று போய்விட்டார். பெர்லினில் அப்போதுதான் சொந்தமாகக் கண் மருத்துவமனை தொடங்கிய 23 வயது கிரேஃபே அந்தக் கருவியைப் பிடித்துக்கொண்டார். ஏழைகளுக்கு இலவச சிகிச்சை என்று அறிவித்திருந்ததால் நோயாளிகளுக்குப் பஞ்சமே இல்லை. கண்ணுக்குள் இதுவரை யாரும் பார்த்திராத காட்சிகள் தினமும் வந்தன. 1854-ல் அவற்றை எழுத ஓர் இதழையே தொடங்கினார். முதல் தொகுதியில் பெரும்பகுதி அவர் எழுதியதுதான்.

மேடா, பள்ளமா?

இங்கேதான் அவர் சறுக்கினார். என்னைக் கேட்டால், அவர் வாழ்க்கையில் கற்றுக்கொள்ள வேண்டிய பகுதியே இதுதான்.

கிளாக்கோமா, அதாவது கண் அழுத்த நோய் வந்தவர்களின் ஆப்டிக் டிஸ்க்கைப் பார்த்த கிரேஃபே, அது மேடாகப் புடைத்திருக்கிறது என்று எழுதினார். வியன்னாவின் எட்வர்ட் யேகரும் அப்படித்தான் நினைத்தார். உண்மை நேர் எதிர். கிளாக்கோமாவில் டிஸ்க் உள்ளே குழிகிறது.

இவ்வளவு கெட்டிக்காரர் மேட்டையும் பள்ளத்தையும் எப்படிக் குழப்பிக்கொண்டார்? கடற்கரை மணலில் பதிந்த காலடியை போட்டோ எடுத்துப் பாருங்கள். சில நேரம் அது மணலில் இருந்து மேலே எழும்பியிருப்பதுபோலத் தெரியும். வெளிச்சம் எந்தப் பக்கத்தில் இருந்து வருகிறது என்பதை மூளை தப்பாக ஊகித்தால் ஆழம் தலைகீழாகிவிடும். அந்தக் கால ஆப்தால்மோஸ்கோப்பில் ஒரு கண்ணால்தான் பார்க்க முடியும். இரண்டு கண்ணும் சேர்ந்து தருகிற ஆழ உணர்வு கிடையாது. டிஸ்க்கின் விளிம்பில் ரத்தக் குழாய்கள் சட்டென்று வளைவது மட்டும் தெரிந்தது. அவை ஏறுகின்றனவா, இறங்குகின்றனவா என்பது தெரியவில்லை.

அடால்ஃப் வெபர் என்ற கண் மருத்துவர், அது பள்ளம் என்பதைக் கவனித்தார். இறந்தவர்களின் கண்களை வெட்டி ஆராய்ந்த ஹைன்ரிக் ம்யூலரும் அதையே உறுதிசெய்தார். கிரேஃபே மழுப்பவில்லை. ஓரிரு ஆண்டுகளிலேயே, தான் முதலில் எழுதிய அதே இதழில் திருத்தி எழுதினார். இது வெறும் வார்த்தைத் திருத்தம் இல்லை. பள்ளம் என்றால், கண்ணுக்குள் இருக்கும் அழுத்தம் நரம்பைப் பின்னால் தள்ளுகிறது என்று அர்த்தம். அப்படியானால் அழுத்தத்தைக் குறைக்க வேண்டும். கருவிழிப் படலத்தில் ஒரு சிறு துண்டை வெட்டி எடுத்தால் சிலவகைக் கிளாக்கோமாவில் அழுத்தம் இறங்குகிறது என்று கண்டுபிடித்து, 1857-ல் வெளியிட்டார். அதுவரை கிளாக்கோமா என்றால் பார்வை போயே தீரும் என்பதுதான் நிலைமை. திடீரெனக் கடுமையாக வரும் வகையில் இன்றைக்கு லேசரால் அதே படலத்தில் துளை போடுகிறார்கள். அதற்கு வேர் இங்கே இருக்கிறது.

உண்மையிலேயே வீங்கியபோது

பள்ளத்தைப் பள்ளமாகப் பார்க்கப் பழகிய பிறகுதான் நிஜமான மேடு அவர் கண்ணில் பட்டது. 1860-ல் வெளியிட்ட கட்டுரையில், மூளைக் கட்டி போன்ற நோய்கள் உள்ளவர்களின் டிஸ்க் வீங்குவதை விவரித்தார். விளிம்பு கலங்கியிருந்தது, சிரைகள் பருத்து முறுக்கியிருந்தன, டிஸ்க் முன்னோக்கித் தள்ளியிருந்தது. பிறகு உடற்கூறு ஆய்வில் மூளைக்குள் கட்டி இருந்தது தெரிந்தது. தலைக்குள் அழுத்தம் ஏறினால் அது கண்ணில் தெரியும் என்பதற்கு மருத்துவர்களின் கையில் கிடைத்த வலுவான ஆதாரம் இது. ஸ்கேன் வருவதற்கு நூறு ஆண்டுகளுக்கும் முன்பு என்பதை நினைத்துக்கொள்ளுங்கள். எக்ஸ்ரேகூட அப்போது இல்லை.

ஏன் வீங்குகிறது என்பதற்கு அவர் சொன்ன காரணம் நிற்கவில்லை. தலைக்குள் ஏறிய அழுத்தம் கண்ணிலிருந்து ரத்தம் திரும்பும் வழியை அடைப்பதாக அவர் நினைத்தார். ஆனால் அந்த ரத்தத்துக்கு மாற்று வழிகள் உண்டு. மூளையைச் சுற்றியிருக்கும் திரவம், பார்வை நரம்பைச் சுற்றிய உறைக்குள்ளும் தொடர்ச்சியாகப் போகிறது என்று 1869-ல் குஸ்டாவ் ஷ்வால்பே காட்டினார். மூளையைப் பிடித்து அழுத்தும் திரவம் கண்ணின் முதுகுவரை வந்து நரம்பையும் நெரிக்கிறது. கிட்டத்தட்ட நூறு ஆண்டுகள் கழித்து, பஞ்சாபில் பிறந்த சோஹன் சிங் ஹேரே, லண்டனில் குரங்குகளிடம் ஆய்வு செய்து இதற்குச் சான்று தந்தார். நரம்பின் உறையைத் திறந்துவிட்டால் டிஸ்க் வீக்கம் வற்றியது. நரம்பிழைக்குள் ஓட வேண்டிய சரக்குகள் நெரிபட்ட இடத்தில் தேங்கிப்போவதுதான் வீக்கத்தின் உள்கதை என்பது 1970-களில் தெளிவானது.

கிரேஃபேயின் மற்ற வேலைகளைச் சொன்னால் நீளும். கண்புரை அறுவைக்கு அவர் வடிவமைத்த மெல்லிய கத்தி நூறு ஆண்டு புழக்கத்தில் இருந்தது. தைராய்டு நோயில் கீழே பார்க்கும்போது மேல் இமை பின்தங்குவதை இன்றும் அவர் பெயரால்தான் குறிப்பிடுகிறார்கள். உடம்பு மட்டும் ஒத்துழைக்கவே இல்லை. நுரையீரல் நோய் ஆண்டுக்கணக்கில் அரித்தது. பெர்லின் பல்கலைக்கழகத்தில் முழுப் பேராசிரியர் பதவி 1866-ல்தான் வந்தது. 1870 ஜூலை 20-ல் இறந்தார். பிரான்ஸ் பிரஷ்யாவின்மீது போர் அறிவித்ததற்கு மறுநாள் அது.

வீக்கத்துக்கு மதிப்பெண்

சரி, வீங்கியிருக்கு, ஒத்துக்கலாம். எவ்வளவு? போன மாதத்தைவிடக் கூடியிருக்கா, குறைஞ்சிருக்கா? கிரேஃபே கையில் அதற்கு அளவுகோல் இல்லை. அதைத் தந்தவர் ஸ்வீடனின் லார்ஸ் ஃப்ரிசேன், 1982-ல். 0 முதல் 5 வரை நிலைகள். முதல் நிலையில் டிஸ்க்கைச் சுற்றிப் பிறை வடிவத்தில் சாம்பல் நிற மங்கல், பொட்டுப் பக்கம் மட்டும் விட்டிருக்கும். இரண்டில் அது முழு வளையமாகும். மூன்றில் பெரிய ரத்தக் குழாய்கள் விளிம்பைக் கடக்கும் இடத்தில் மறையும். நான்கில் டிஸ்க்கின் மேலேயே மறையும். ஐந்தில் எல்லாக் குழாய்களுமே மங்கிவிடும்.

நல்ல அளவுகோல்தான், ஆனால் இரண்டு இடத்தில் ஏமாற்றும். ஒன்று, வீக்கம் அதிகமாக இருக்கும்போதும் எழுத்துப் பலகையில் கடைசி வரிவரை படிக்க முடியும். 1860-களிலேயே லண்டனின் ஹ்யூலிங்ஸ் ஜாக்சன் இதை வலியுறுத்தினார். பவர் மட்டும் பார்த்துக்கொண்டு வந்தால் இது தப்பிவிடுவது இதனால்தான்.

இது உங்க வயசுக்காரங்களுக்கும் வரும். கட்டி எதுவும் இல்லாமலே தலைக்குள் அழுத்தம் ஏறும் நோய் ஒன்று இருக்கிறது. எடை கூடிய இளம் பெண்களிடம்தான் அதிகம் காணப்படுகிறது. முகப்பருவுக்குக் கொடுக்கும் ஐசோட்ரெடினாய்ன், டெட்ராசைக்ளின் வகை மாத்திரைகளும் சிலருக்கு இதைத் தூண்டலாம். பெரும்பாலானவர்களுக்கு வராது, பயந்து மாத்திரையை நீங்களே நிறுத்தவும் வேண்டாம். ஆனால் படுத்தால் கூடும் தலைவலி, குனிந்து நிமிரும்போது சில நொடி பார்வை இருட்டுவது, காதுக்குள் நாடித் துடிப்பு கேட்பது, இரட்டையாகத் தெரிவது என்று ஏதாவது இருந்தால், ஸ்க்ரீன் அதிகமா பாத்ததுதான் காரணம்னு நீங்களே தீர்ப்பு எழுதாதீங்க. கண்மணியை விரித்து டிஸ்க்கைப் பார்க்கச் சொல்லுங்கள். பிறவியிலேயே டிஸ்க் மேடாக இருப்பவர்களும் உண்டு. அது வீக்கம் இல்லை என்று பிரித்துச் சொல்வதும் மருத்துவர் வேலை.

இரண்டாவது ஏமாற்று இன்னும் மோசமானது. நான்காம் நிலையில் இருந்த டிஸ்க் சில மாதங்களில் ஒன்றுக்கு இறங்கினால் குணமாகிறது என்றுதானே நினைப்போம்? இருக்கலாம். ஆனால் வீங்குவதற்கு உயிருள்ள நரம்பிழை வேண்டும். இழைகள் செத்துப்போனாலும் மேடு வற்றும், எண் இறங்கும். தட்டையாகி வெளிறிப்போன டிஸ்க் நலமான டிஸ்க் அல்ல. அதனால்தான் மருத்துவர்கள் எண்ணை மட்டும் நம்பாமல், பக்கப் பார்வை எவ்வளவு சுருங்கியிருக்கிறது என்று ஃபீல்டு டெஸ்ட் எடுக்கிறார்கள். ஓ.சி.டி. என்ற ஒளி ஸ்கேனில் நரம்பிழைப் படலத்தை மைக்ரான் கணக்கில் அளக்கிறார்கள். கூடவே, அந்த இழைகளைப் பெற்ற செல்களின் அடுக்கு மெலிகிறதா என்றும் பார்க்கிறார்கள். இழைப் படலம் இறங்கி, செல் அடுக்கு அப்படியே இருந்தால் நல்ல சேதி. இரண்டும் சேர்ந்து இறங்கினால் சிகிச்சையை உடனே மாற்ற வேண்டும். சில நேரம், ஹேரே குரங்குகளுக்குச் செய்ததுபோல நரம்பின் உறையையே திறந்துவிடவும் வேண்டியிருக்கும்.