தறி நின்ற ஊரில் சக்கரம் சுழன்றது!

தோழர்களே! பட்டு நெய்யும் ஊர் எது என்று கேட்டால், ஆரணி என்போம், களம்பூர் என்போம். கடல் கடந்து, இங்கிலாந்திலேயும் அப்படி ஓர் ஊர் இருந்தது. கோவென்ட்ரி என்று பெயர். பட்டு நாடா நெய்வது அங்கே தொழில். தெருவெல்லாம் தறிச் சத்தம். அந்தச் சத்தம் இருந்தால்தான் அடுப்பிலே நெருப்பு!

1860-ஆம் ஆண்டு, இங்கிலாந்தும் பிரான்சும் வாணிப ஒப்பந்தம் செய்துகொண்டன. பிரெஞ்சுப் பட்டுக்கு இருந்த சுங்கவரி நீங்கிற்று. கையெழுத்து மாளிகையிலே, பட்டினியோ நெசவாளியின் வீட்டிலே! கடைகளிலே பிரெஞ்சு நாடா குவிந்தது. கோவென்ட்ரியின் தறிகள் நின்றன. ஆயிரக்கணக்கானோர் பிழைப்புத் தேடி ஊரைவிட்டே வெளியேறினர்.

அந்த ஊருக்கு, 1861-இல், வேலைக்கு வந்து சேர்ந்தார் ஒருவர். பட்டம் பெற்றவரல்ல, பரம்பரைச் செல்வருமல்ல. தோட்டக்காரராக இருந்தவர். ஜேம்ஸ் ஸ்டார்லி அவர் பெயர். சைக்கிள் தொழிலின் தந்தை என்று பின்னாளில் உலகம் அழைத்ததே, அவரேதான்!

1830-இல், சசெக்ஸ் பகுதியில் ஆல்போர்ன் என்ற சிற்றூரில், உழவர் வீட்டிலே பிறந்தார். ஒன்பது வயதிலேயே வயல்வேலை. வளர்ந்ததும் வீட்டைவிட்டு ஓடினார். லண்டனை அடுத்த லூயிஷாமில், ஜான் பென் என்ற கப்பல் இயந்திர முதலாளியின் தோட்டத்திலே வேலை கிடைத்தது. பகலெல்லாம் மண்வெட்டி; ஓய்வு கிடைத்தால் பழுதான கடிகாரம்! அந்நாளில் அரிய பொருளான தையல் இயந்திரம் ஒன்று முதலாளி வீட்டுக்கு வந்தது. வந்து, பழுதாகி நின்றது. தோட்டக்காரர் அதைப் பிரித்தார், பழுது நீக்கினார், முன்னிலும் செம்மையாக ஓடவைத்தார்.

மண் கிளறும் உனக்கு இயந்திரம் எதற்கு என்று பென் விரட்டவில்லை. தையல் இயந்திரத் தொழிலில் இருந்த ஜோசையா டர்னரிடம் அறிமுகம் செய்துவைத்தார். டர்னரும் ஸ்டார்லியும் கோவென்ட்ரி சென்று தையல் இயந்திரத் தொழிற்சாலை தொடங்கினர். கடிகாரம் செய்து பழகிய நுட்பமான கைகள் அங்கே இருந்தன. நெசவை இழந்து வேலை தேடிய கைகளும் இருந்தன. இல்லாதது வேலை ஒன்றுதான்!

சில ஆண்டுகள் கழித்து, டர்னரின் உறவினர் ஒருவர் பாரிசிலிருந்து புதுவிதமான மிதிவண்டி ஒன்றைக் கொண்டுவந்தார். மரச்சக்கரம், இரும்புப் பட்டை. ஏறியவனின் எலும்பைக் குலுக்கி எடுக்கும் வண்டி! பிரான்சுக்கு விற்கலாம் என்று செய்யத் தொடங்கினர். 1870-இல் அங்கே போர் மூண்டது. உள்நாட்டிலேயே வாங்குவோரைத் தேடினர்.

ஸ்டார்லி சிந்தித்தார். மாட்டுவண்டிச் சக்கரத்திலே கனத்த ஆரக்கால்கள் பாரத்தைத் தாங்குகின்றன. அந்தக் கனமின்றி, மெல்லிய கம்பியை இழுத்துக் கட்டியே தாங்கவைத்தால் என்ன? தறியிலே பாவு இழுத்துக் கட்டியவர்களுக்கு, விறைப்பிலே பிறக்கும் வலிமையை விளக்கவும் வேண்டுமோ! 1870-இல், வில்லியம் ஹில்மனுடன் சேர்ந்து, 'ஏரியல்' என்ற உலோக வண்டிக்குக் காப்புரிமை பெற்றார். 1874-இல், கம்பிகளை நேராக அல்லாமல் சாய்வாக, ஒன்றை ஒன்று வெட்டிச் செல்லும்படி கட்டும் முறை கண்டார். உங்கள் சைக்கிளின் பின்சக்கரத்தைப் பாருங்கள். அவர் கண்ட முறை அதிலே தெரியும். 1877-இல், மூன்று சக்கர வண்டி வளைவிலே தடுமாறாமல் திரும்ப, பற்சக்கர அமைப்பு ஒன்றைப் பொருத்தினார். அந்தத் தத்துவந்தான் இன்றும் லாரியின் பின் அச்சிலே உழைக்கிறது!

1881-இல், விக்டோரியா அரசியே அவருடைய மூன்று சக்கர வண்டிகளை வாங்கினார். அதே ஆண்டு ஜூன் 17-இல், 51-ஆம் வயதில், ஸ்டார்லி மறைந்தார். 1884-இல் கோவென்ட்ரி அவருக்கு நினைவுச் சின்னம் எழுப்பியது.

ஆனால் அந்நாளைய சைக்கிள், ஆள் உயர முன்சக்கரம் கொண்டது. விழுந்தால் மண்டை உடையும், விலையும் ஏறாத உயரம். ஏழைக்கு எட்டவில்லை. அவரிடம் தொழில் பழகிய சகோதரர் மகன் ஜான் கெம்ப் ஸ்டார்லி, 1885-இல், இரு சக்கரமும் ஏறக்குறைய ஒரே அளவாக, பின்சக்கரத்தைச் சங்கிலி இழுக்கும் 'ரோவர்' வண்டியைச் செய்தார். 1888-இல் டன்லப்பின் காற்றடைத்த டயர் வந்தது. வண்டி தாழ்ந்தது, விலையும் தாழ்ந்தது, தொழிலாளி ஏறினான்! கோவென்ட்ரியிலே தொழிற்சாலைகள் பெருகின. அந்த அலை நம் கரையையும் தொட்டது: சென்னையை அடுத்த அம்பத்தூரில், 1949-இல் நிறுவப்பட்ட டி.ஐ. சைக்கிள்ஸ், 1951-இல் ஹெர்குலிஸ் வண்டியை வெளியிட்டது.

தறி நின்றது தலைவிதி என்று கோவென்ட்ரி ஓய்ந்துவிடவில்லை, மகிழ்ச்சி. ஆனால், 1860-இல் ஊரைவிட்டுப் போன நெசவாளிக்கு, 1870-இல் வந்த சக்கரம் எப்படிச் சோறு போடும்? தொழில் வந்தது, அவன் வரவில்லை! ஆகவே தோழர்களே, தறி ஓடும்போதே அடுத்த தொழிலை ஊருக்குள் கொண்டுவர வேண்டும். மண்வெட்டி பிடித்த கையிலும் திறமை உண்டு. பாவு பிடித்த கையிலும் உண்டு. அந்தக் கை ஊரைவிட்டுப் போகுமுன் வேலை வந்து சேரவேண்டும். அதைக் கேட்பது பிச்சையல்ல, உரிமை!