ஒலிம்பிக் போக வீட்டை அடமானம் வைத்த கல்லூரி முதல்வர்: யார் இந்த கே.டி.ஜாதவ்?

சுதந்திர இந்தியாவுக்கு ஒலிம்பிக்ல முதல் தனிநபர் பதக்கம் வாங்கிக் கொடுத்தவர் யார்? போட்டித் தேர்வுக்கு படிக்கிறவங்க டக்குனு சொல்லிடுவாங்க: கே.டி.ஜாதவ், மல்யுத்தம், வெண்கலம், 1952, ஹெல்சின்கி. ஆனா அந்த ஒரு வரி பதிலுக்குப் பின்னாடி இருக்கிற கதை பலருக்கும் தெரியாது.

களத்துல எதிராளியை சாய்க்கிறதை விட, ஹெல்சின்கி வரைக்கும் போய்ச் சேர்றதுதான் அவருக்கு பெரிய போராட்டமா இருந்துச்சு. தேர்வுல பிரச்னை, பணத்துக்கு திண்டாட்டம், போன இடத்துல பேச ஆள் இல்லாத நிலைமை. இத்தனையையும் தாண்டித்தான் அந்தப் பதக்கம் வந்தது. அது எப்படி நடந்தது? விரிவாக பார்க்கலாம்.

கோதாவில் வளர்ந்த பையன்

முழுப் பெயர் காஷாபா தாதாசாகேப் ஜாதவ். மகாராஷ்டிராவின் சாத்தாரா மாவட்டம், கராட் பக்கத்தில் உள்ள கோலேஷ்வர் என்ற கிராமத்தில் 1926 ஜனவரி 15-ம் தேதி பிறந்தார். வீட்டில் ஐந்து ஆண் பிள்ளைகள், இவர்தான் கடைக்குட்டி. அப்பா தாதாசாகேப் ஒரு மல்யுத்த வீரர். ஐந்து வயசுலயே மகனை கோதாவில் இறக்கிவிட்டார்.

அந்தப் பகுதிக்கு மல்யுத்தம் புதுசு இல்லை. கோலாப்பூரை ஆண்ட ஷாஹு மகாராஜா குஸ்திக்காகவே காஸ்பாக் மைதானத்தை கட்டியவர். சுற்று வட்டார கிராமங்களில் திருவிழா என்றால் குஸ்தி கண்டிப்பாக இருக்கும். ஜாதவ் ஆள் உயரம் கம்மி, உடம்பும் ஒல்லி. பலத்தை மட்டும் நம்பாமல், வேகத்தையும் பிடிகளையும் வைத்து தன்னை விட பெரிய ஆட்களை சாய்ப்பார். பிற்காலத்தில் அவருக்கு 'பாக்கெட் டைனமோ' என்று பட்டப்பெயர் வந்ததும் இதனால்தான்.

கராட் திலக் பள்ளியில் படிப்பு. 1942-ல் வெள்ளையனே வெளியேறு இயக்கம் நடந்தபோது, தலைமறைவாக இருந்த போராளிகளுக்கு தங்க இடம் கொடுப்பது, கடிதங்களை கொண்டுபோய் சேர்ப்பது போன்ற வேலைகளை செய்தார். அதன்பிறகு கோலாப்பூர் ராஜாராம் கல்லூரியில் சேர்ந்தார். இந்தக் கல்லூரிதான் அவர் வாழ்க்கையில் பெரிய திருப்பம்.

முதல் பயணம்: லண்டன் 1948

சுதந்திரம் கிடைத்த மறு வருஷமே லண்டனில் ஒலிம்பிக். ஜாதவ் தேர்வானார். ஆனா செலவுக்கு என்ன பண்றது? கோலாப்பூர் மகாராஜா கைகொடுத்தார். பயணத்துக்கு வழி பிறந்தது.

லண்டன்ல வேற ஒரு சிக்கல் காத்திருந்தது. ஊர்ல குஸ்தி நடப்பது மண் களத்துல. ஒலிம்பிக்ல மேட் மேல. ஜாதவ் அதுவரைக்கும் மேட்ல விளையாடினதே இல்லை. மண்ணில் கால் ஊன்றுவது மாதிரி மேட்டில் ஊன்ற முடியாது. விதிமுறையும் வேறு, பாயிண்ட் கொடுக்கிற கணக்கும் வேறு. அமெரிக்காவின் முன்னாள் சாம்பியன் ரீஸ் கார்ட்னர்தான் அவருக்கு பயிற்சி கொடுத்தார்.

இவ்வளவு குறுகிய அவகாசத்தில் கற்றுக்கொண்டும், ஃப்ளைவெயிட் பிரிவில் ஆறாவது இடம் பிடித்தார். பதக்கம் இல்லை. ஆனா அந்த எடைப் பிரிவு மல்யுத்தத்தில் அதுவரை எந்த இந்தியரும் அந்த உயரத்தை தொட்டதில்லை. ஊருக்கு திரும்பியதும் அடுத்த ஒலிம்பிக்குக்கு தயாராக ஆரம்பித்துவிட்டார். இந்த முறை எடையைக் கூட்டி, பாண்டம்வெயிட் என்கிற 57 கிலோ பிரிவு.

மெட்ராஸில் வந்த சோதனை

ஹெல்சின்கி போகணும்னா முதல்ல இந்திய அணியில இடம் கிடைக்கணும். இங்கேதான் கதையில் நம்ம மெட்ராஸ் வருகிறது. மெட்ராஸில் நடந்த தேசியப் போட்டியில் ஜாதவுக்கு ஒரு பாயிண்ட் குறைவாக கொடுக்கப்பட்டது. ஒலிம்பிக் வாய்ப்பு கையை விட்டுப் போனது.

இது நியாயம் இல்லை என்று ஜாதவ் நினைத்தார். அப்படியே விட்டுவிடவும் இல்லை. அப்போது இந்திய ஒலிம்பிக் சங்கத் தலைவராக இருந்தவர் பாட்டியாலா மகாராஜா யாதவிந்தர சிங். அவரிடமே முறையிட்டார். மகாராஜா மறுபடியும் ஒரு போட்டிக்கு ஏற்பாடு செய்தார். அதில் ஜாதவ் எதிராளியை முதுகு தரையில் பட வீழ்த்தினார். இனி பாயிண்ட் கணக்குக்கே வேலை இல்லை. ஹெல்சின்கிக்கு இடம் உறுதியானது.

7,000 ரூபாய்: அன்றைக்கு எவ்வளவு பெரிய தொகை?

இடம் கிடைத்தாச்சு. பணம்? இன்றைக்கு மாதிரி அரசே எல்லா செலவையும் பார்த்துக்கொள்ளும் காலம் இல்லை அது. 1920-ல் இந்தியா ஆன்ட்வெர்ப் ஒலிம்பிக்குக்கு அணியை அனுப்பியதே தொழிலதிபர் டோராப்ஜி டாடாவின் முயற்சியாலும் பணத்தாலும்தான். 30 வருஷம் கழித்தும் நிலைமை பெரிசா மாறலை. அரசிடம் உதவி கேட்டும் முழுச் செலவுக்கான பணம் வந்து சேரவில்லை.

ஜாதவும் குடும்பத்தினரும் ஊரில் வீடு வீடாகப் போனார்கள். கோலேஷ்வர் மக்கள் தங்களால் முடிந்ததை கொடுத்தார்கள். அப்பவும் பணம் போதவில்லை.

அந்த நேரத்தில் வந்தவர்தான் ராஜாராம் கல்லூரி முதல்வராக இருந்த கர்டிகர். தன் சொந்த வீட்டை அடமானம் வைத்து 7,000 ரூபாய் கொடுத்தார். அன்றைய தங்க விலையில் கணக்கு போட்டால், 100 பவுனுக்கு மேல் வாங்கக்கூடிய தொகை. சொந்தக்காரன் இல்லை, தொழில் கூட்டாளி இல்லை. தன்கிட்ட படிச்ச பையன் ஒருத்தன் ஜெயிப்பான் என்ற நம்பிக்கைக்காக, ஒரு வாத்தியார் தன் குடும்பத்தின் கூரையை பணயம் வைத்தார்.

யோசித்துப் பாருங்க. ஜாதவ் தோத்து வந்திருந்தால்? கடன் அப்படியே நிற்கும். அந்த பாரத்தையும் சுமந்துகொண்டுதான் அவர் மேட்டில் இறங்கினார்.

ஹெல்சின்கியில் என்ன நடந்தது?

ஃபின்லாந்து தலைநகர் ஹெல்சின்கியில் 1952 ஜூலை 19-ம் தேதி ஒலிம்பிக் தொடங்கியது. சோவியத் யூனியன் முதல் முறையாக கலந்துகொண்ட ஒலிம்பிக் அது. போருக்குப் பிறகு ஜப்பான் திரும்பி வந்த ஒலிம்பிக்கும் அதுதான். இந்த இரண்டு நாடுகளின் வீரர்களும்தான் ஜாதவின் வழியில் கடைசியாக நின்றார்கள்.

கனடா, மெக்சிகோ, ஜெர்மனி வீரர்களை ஜாதவ் வரிசையாக தோற்கடித்தார். பதக்கத்துக்கான கடைசி சுற்றில் மூன்று பேர்: ஜப்பானின் ஷோஹாச்சி இஷி, சோவியத் யூனியனின் ரஷித் மம்மத்பெயோவ், இந்தியாவின் ஜாதவ்.

இஷியுடன் நடந்தது நீண்ட, கடுமையான போட்டி. ஜாதவ் தோற்றார். உடம்பில் தெம்பே இல்லை. ஆனால் உடனே அடுத்த போட்டிக்கு வரச் சொல்லி அழைப்பு வந்தது. விதிப்படி இரண்டு போட்டிகளுக்கு நடுவில் அரை மணி நேரம் ஓய்வு கொடுக்கணும். அதை எடுத்துச் சொல்லி வாதாட இந்திய அதிகாரி ஒருவர்கூட பக்கத்தில் இல்லை. களைத்துப்போன ஜாதவ் மம்மத்பெயோவிடமும் தோற்றார்.

தங்கம் இஷிக்கு, வெள்ளி மம்மத்பெயோவுக்கு, வெண்கலம் ஜாதவுக்கு. ஹெல்சின்கியில் ஜப்பான் வாங்கிய ஒரே தங்கம் இஷியுடையதுதான். அந்த அளவு வீரருடன் மோதிய களைப்போடு, ஓய்வே இல்லாமல் அடுத்த ஆட்டம். அந்த அரை மணி நேரம் கிடைத்திருந்தால் முடிவு மாறியிருக்குமா என்பது யாருக்கும் தெரியாது. ஆனால் அந்த வாய்ப்பு அவருக்கு கிடைக்கவே இல்லை.

அதே ஒலிம்பிக்கில் இந்திய ஹாக்கி அணி தங்கம் வென்றது. நாடே ஹாக்கி வெற்றியை கொண்டாடியது. ஜாதவின் வெண்கலம் அந்த வெளிச்சத்தில் பின்னுக்குப் போனது.

151 மாட்டு வண்டி... முதல் வேலை கடன் அடைப்பது

நாடு மறந்தாலும் ஊர் மறக்கவில்லை. ஜாதவ் திரும்பி வந்தபோது கராட் ரயில் நிலையத்திலிருந்து கோலேஷ்வர் வரைக்கும் 151 மாட்டு வண்டிகள் ஊர்வலமாக வந்தன. மேள தாளத்தோடு ஊரே திரண்டு அழைத்துப் போனது. சில நிமிஷத்தில் முடிய வேண்டிய தூரத்தை கடக்க பல மணி நேரம் ஆனது.

மாலை மரியாதை எல்லாம் முடிந்ததும் அவர் செய்த வேலைதான் முக்கியம். குஸ்திப் போட்டிகளுக்கு ஏற்பாடு செய்தார், அவரே இறங்கி ஜெயித்தார். அதில் வந்த பணத்தை கொண்டுபோய் கர்டிகரிடம் கொடுத்தார். ஒலிம்பிக் பதக்கம் வாங்கியவர், மறுபடியும் மண் களத்தில் இறங்கி கடன் அடைத்தார்.

அதன்பிறகு என்ன ஆனது?

1955-ல் பம்பாய் போலீசில் சப்-இன்ஸ்பெக்டராக சேர்ந்தார். 1956 மெல்போர்ன் ஒலிம்பிக்குக்கு தயாரானபோது முழங்காலில் பலத்த காயம். போக முடியவில்லை. 27 ஆண்டுகள் போலீஸ் வேலை பார்த்து, உதவி கமிஷனராக ஓய்வு பெற்றார். ஆனால் பென்ஷனுக்கும் போராட வேண்டியிருந்தது.

1982-ல் டெல்லியில் ஆசிய விளையாட்டுப் போட்டி நடந்தபோது, ஜோதி ஓட்டத்தில் பங்கேற்கும் கௌரவம் கிடைத்தது. இரண்டே வருஷத்தில், 1984 ஆகஸ்ட் 14-ம் தேதி, சாலை விபத்தில் இறந்து போனார். கடைசிக் காலத்தில் பண நெருக்கடி. அவருக்குப் பிறகு மனைவியும் உதவிக்காக அலைய வேண்டியிருந்தது.

அர்ஜுனா விருது வந்தது அவர் இறந்து பல வருஷம் கழித்து. 2010 காமன்வெல்த் போட்டியின்போது டெல்லி இந்திரா காந்தி விளையாட்டு வளாகத்தில் உள்ள மல்யுத்த அரங்குக்கு அவர் பெயர் வைக்கப்பட்டது. பத்ம விருது கொடுக்க வேண்டும் என்பது குடும்பத்தினரின் நீண்ட நாள் கோரிக்கை.

அவருக்கு அடுத்த தனிநபர் பதக்கம் எப்போது வந்தது தெரியுமா? 1996 அட்லாண்டாவில், டென்னிஸ் வீரர் லியாண்டர் பயஸ் வெண்கலம் வென்றபோது. 44 வருஷ இடைவெளி. மல்யுத்தத்தில் அடுத்த பதக்கத்துக்கு 2008-ல் சுஷில் குமார் வரும்வரை 56 வருஷம் ஆனது.

இன்றைக்கு நிலைமை மாறிடுச்சா?

நிறைய மாறியிருக்கு. மத்திய அரசின் டாப்ஸ் திட்டம் 2014-ல் தொடங்கப்பட்டது. பதக்க வாய்ப்புள்ள முதன்மைப் பட்டியல் வீரர்களுக்கு மாதம் 50,000 ரூபாய் உதவித்தொகை, வெளிநாட்டுப் பயிற்சி செலவு எல்லாம் இதில் வரும். தமிழ்நாட்டில் 2023-ல் தமிழ்நாடு சாம்பியன்ஸ் அறக்கட்டளை ஆரம்பிக்கப்பட்டது. போட்டிக்குப் போகும் பயணச் செலவு, விளையாட்டுக் கருவி போன்றவற்றுக்கு வீரர்கள் இதில் உதவி கேட்டு விண்ணப்பிக்கலாம்.

கிராமத்திலிருந்து கிளம்பி சாதித்தவர்களும் பக்கத்துலயே இருக்காங்க. தர்மபுரி மாவட்டம் நல்லம்பள்ளியிலிருந்து தொப்பூரைத் தாண்டினால் சேலம் மாவட்டம். அந்த மாவட்டத்தின் பெரியவடகம்பட்டியைச் சேர்ந்த மாரியப்பன் தங்கவேலு 2016 ரியோ பாராலிம்பிக்கில் உயரம் தாண்டுதலில் தங்கம் வென்றார். டோக்கியோவில் வெள்ளி, பாரீஸில் வெண்கலம் என அடுத்தடுத்து பதக்கம்.

ஆனால் பெரிய திட்டங்கள் கண்ணில் படும் அளவுக்கு ஒருத்தர் வளர்ந்த பிறகுதான் அந்த உதவி கைக்கு வரும். அதுக்கு முன்னாடி இருக்கிற காலம்தான் கஷ்டமானது. நல்லம்பள்ளி மாதிரி ஊரில் ஓடவோ மல்யுத்தமோ பழகும் பிள்ளைக்கு, மாநிலப் போட்டிக்காக சென்னை போய்வர பஸ் செலவு, தங்கும் செலவு, ஷூ, சத்தான சாப்பாடு எல்லாமே கணக்குதான். அந்தக் கணக்கை இன்றைக்கும் பெரும்பாலும் பெற்றோரும் பி.டி. வாத்தியாரும்தான் போடுகிறார்கள்.

ஜாதவுக்கு திறமை இருந்தது. அதோடு அநியாயத்தை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் துணிச்சலும், வீடு வீடாகக் கொடுத்த ஊரும், வீட்டையே எழுதிக் கொடுத்த ஒரு ஆசிரியரும் இருந்தார்கள். இதில் ஒன்று குறைந்திருந்தாலும் 1952-ல் அந்த வெண்கலம் இந்தியாவுக்கு வந்திருக்காது. உங்க ஊர்லயும் திறமையான பிள்ளை இருந்தால், மாவட்ட விளையாட்டு அலுவலகத்தில் என்னென்ன உதவி இருக்கிறது என்று இப்பவே விசாரித்து வைப்பது நல்லது. தேர்வுப் போட்டி தேதி வந்த பிறகு பணத்துக்கு அலைவதை விட அது எவ்வளவோ மேல்.