முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்த கவிஞர் – மர்ஹூம் மெஹ்மத் ஆகிஃப்

துருக்கி நாட்டின் தேசிய கீதத்தை இயற்றியவர் என்ற அளவில் மெஹ்மத் ஆகிஃப் எர்சோய் அவர்களின் பெயரை நம் ஜமாஅத்தார்களில் சிலர் கேள்விப்பட்டிருக்கக்கூடும். ஆனால் அவர் ஒரு கால்நடை மருத்துவர் என்பதும், திருக்குர்ஆனை மனனம் செய்த ஹாபிழ் என்பதும், பல ஆண்டுகள் பாடுபட்டு உருவாக்கிய குர்ஆன் மொழிபெயர்ப்பைத் தாமே அச்சேறவிடாமல் தடுத்துக்கொண்டவர் என்பதும் பலர் அறியாதவை. கொடுக்கல் வாங்கலில் அவர் காட்டிய பேணுதலும் மார்க்கக் கல்வியில் அவர் கொண்ட அச்சமும் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பதால், அவருடைய வாழ்க்கையை இவ்விதழில் சற்று விரிவாகவே காண்போம்.

ஆகிஃப் 1873ஆம் ஆண்டு டிசம்பரில் இஸ்தான்புல் நகரின் ஃபாத்திஹ் பகுதியில் பிறந்தார். தந்தையார் தாஹிர் எஃபெந்தி, ஃபாத்திஹ் மதரஸாவில் முதர்ரிஸாக இருந்தவர்; இன்றைய கொசோவோவிலுள்ள இபெக் என்னும் ஊரிலிருந்து கல்வி தேடி வந்தவர். தாயார் புகாராவிலிருந்து வந்து குடியேறிய குடும்பத்தவர். மகனுக்குத் தந்தை இட்ட பெயர் ரஃகீஃப் என்பதாகும். அப்ஜத் கணக்கில் அப்பெயரின் எழுத்துக்களைக் கூட்டினால் 1290 வரும். அதுவே அவர் பிறந்த ஹிஜ்ரி ஆண்டு. அழைப்பதற்கு அது கடினமாக இருந்ததால் சுற்றத்தார் வாயில் ஆகிஃப் என்றாகி, அதுவே நிலைத்துவிட்டது.

1888இல் தந்தையார் வஃபாத்தானார். அடுத்து ஒரு தீ விபத்தில் வீடும் எரிந்துபோயிற்று. அரசு அதிகாரிகளை உருவாக்கும் உயர்கல்விக் கூடத்தில் பயின்றுகொண்டிருந்தவர் அதை விட்டுவிட்டு, விரைவில் வேலை கிடைக்கும் என்பதற்காகக் கால்நடை மருத்துவப் பள்ளியில் சேர்ந்தார். 1893இல் முதல் மாணவராகத் தேறினார். அதன் பிறகே குர்ஆன் முழுவதையும் மனனம் செய்து முடித்தார். தந்தையிடம் கற்ற அரபியுடன் ஃபார்ஸியும் ஃபிரெஞ்சும் அவருக்குக் கைவந்தன.

விவசாய அமைச்சகத்தில் இருபது ஆண்டுகள் பணியாற்றினார். கால்நடைகளின் தொற்று நோய்களைத் தடுக்க ருமேலியா, அனடோலியா, அரபுப் பகுதிகள் என்று ஊர் ஊராகச் சென்றவர் அவர். ஏழை விவசாயிகளின் வாழ்க்கையை நேரில் கண்டது இந்தப் பயணங்களில்தான். 1913இல் தம் மேலதிகாரி ஒருவர் அநியாயமாகப் பதவி நீக்கம் செய்யப்பட்டார் என்பதற்காகத் தாமும் பதவியைத் துறந்தார். அவருக்கு அதனால் ஆதாயம் ஏதுமில்லை. மாதச் சம்பளம் போயிற்று, அவ்வளவே.

வாக்குத் தவறாமையில் அவர் எத்துணைக் கடுமையானவர் என்பதற்கு நண்பர்கள் சொல்லும் நிகழ்ச்சிகள் பல. மாணவப் பருவத்தில் அவரும் தோழர் ஒருவரும் ஓர் உடன்பாடு செய்துகொண்டனர்; யார் முதலில் மறைகிறாரோ அவருடைய பிள்ளைகளை மற்றவர் வளர்க்க வேண்டும் என்பதே அது. ஆண்டுகள் பல கழிந்து அத்தோழர் இறந்தபோது, தம் வீட்டிலேயே வறுமை இருந்தும் அந்தப் பிள்ளைகளை அழைத்து வந்து தம் மக்களோடு மக்களாக வளர்த்தார். மற்றொரு முறை, கடும் புயல் மழையில் நனைந்தபடி குறித்த நேரத்திற்கு ஒரு நண்பரின் வீட்டை அடைந்தார். இந்த மழையில் யார் வரப்போகிறார் என்றெண்ணி நண்பர் அக்கம்பக்கம் சென்றிருந்தார். ஆகிஃப் திரும்பிச் சென்றதோடு, பல மாதங்கள் அவரோடு பேசவும் இல்லை. இது சற்று மிகை என்றே நமக்கும் தோன்றுகிறது. ஆயினும் அவர் தமக்கு வைத்திருந்த அளவுகோலையே பிறருக்கும் வைத்தார்.

1908 முதல் ஸிராத்தே முஸ்தகீம் என்ற வார இதழில் (1912க்குப் பின் ஸெபீலுர்ரஷாத் என்ற பெயரில்) அவர் எழுதிவந்தார். அவருடைய கவிதைகள் ஸஃபஹாத் என்ற தலைப்பில் 1911 தொடங்கி ஏழு பகுதிகளாக வெளிவந்தன. எகிப்தின் முஹம்மத் அப்துஹு, ஃபரீத் வஜ்தீ ஆகியோரின் அரபி நூல்களையும், ஸஈத் ஹலீம் பாஷா ஃபிரெஞ்சில் எழுதியதையும் துருக்கியில் பெயர்த்தார். மொழிபெயர்ப்பின் மேடு பள்ளங்களை அவர் அறிந்தது இப்படித்தான்.

முதல் உலகப் போருக்குப் பின் நாடு அந்நியப் படைகளின் பிடியில் சிக்கியபோது, பள்ளிவாசல்களில் மக்களைத் தட்டியெழுப்பினார். 1920இல் கஸ்தமோனு நகரின் நஸ்ருல்லாஹ் பள்ளியில் அவர் ஆற்றிய பயான் அச்சிடப்பட்டுப் போர்முனைகளுக்கும் அனுப்பப்பட்டது. அங்காராவில் புர்தூர் தொகுதியின் உறுப்பினராக மக்கள் பேரவையில் அமர்ந்தார். அப்போதுதான் தேசிய கீதத்திற்கான போட்டி அறிவிக்கப்பட்டது. பரிசு 500 லிரா. 724 பாடல்கள் வந்தும் எதுவும் நிறைவளிக்கவில்லை. பரிசுப் பணம் உண்டு என்ற காரணத்தாலேயே ஆகிஃப் எழுதவில்லை. கல்வி அமைச்சர் ஹம்துல்லாஹ் ஸுப்ஹி கடிதம் எழுதி, அக்குறையைத் தீர்ப்பதாகச் சொன்ன பிறகே எழுதிக் கொடுத்தார். 1921 மார்ச் 12 அன்று பேரவை அதை ஏற்றது.

சட்டப்படி பணத்தைக் கொடுத்தே ஆக வேண்டும் என்றார்கள். வாங்கி, ஏழைப் பெண்களுக்கும் சிறுவர்களுக்கும் கைத்தொழில் கற்பித்த தாருல் மஸாயீ என்ற நிறுவனத்திற்கு அப்படியே கொடுத்துவிட்டார். அங்காராவின் அந்தக் கடுங்குளிரில் அவருக்குச் சொந்தமாக ஒரு குளிர் கோட்டு இல்லை. நண்பருடையதை இரவல் வாங்கி அணிந்துவந்தார். அந்தப் பாடல் சமுதாயத்தின் சொத்து என்று கருதித் தம் கவிதைத் தொகுப்பிலும் சேர்க்கவில்லை. 1983இல் துருக்கி அரசு வெளியிட்ட 100 லிரா நோட்டில் இவருடைய உருவத்தை அச்சிட்டது! பணத்தைக் கண்டு ஒதுங்கியவரைப் பணத்தாளிலேயே ஏற்றிவிட்டார்கள்.

இனிச் சொல்லவிருப்பதே இவ்வாழ்க்கையின் சிகரம். 1925இல் மக்கள் பேரவை திருக்குர்ஆனுக்குத் துருக்கி மொழியில் தர்ஜமாவும் தஃப்ஸீரும், புகாரி ஹதீஸ் சுருக்கத்திற்கு மொழிபெயர்ப்பும் வெளியிட நிதி ஒதுக்கியது. தஃப்ஸீர் பணி எல்மலிலி ஹம்தி யாஸிர் அவர்களிடமும், தர்ஜமா ஆகிஃபிடமும் ஒப்படைக்கப்பட்டன. ஆகிஃப் முதலில் இணங்கவில்லை. அறிஞர் அஹ்மத் ஹம்தி அக்ஸெகி பலமுறை வற்புறுத்திய பிறகே ஒப்பினார். அப்போதும் அதைத் தர்ஜமா என்னாமல் மெஆல் என்றே சொல்ல வேண்டும் என்பது உடன்பாடு. இறைவசனத்தின் கருத்தை மனிதனால் இயன்ற அளவு கூறுவது மட்டுமே அது, குர்ஆனுக்கு ஈடு அன்று என்பது அச்சொல்லின் பொருள். ஊதியம் 6000 லிரா. 1000 லிரா முன்பணம்.

அதற்குள் அவர் எகிப்தில் தங்கத் தொடங்கியிருந்தார். கெய்ரோவை அடுத்த ஹில்வானில், சிறு வீட்டில், மெஆலை எழுதுவதும் அடிப்பதும் திருத்துவதுமாக ஆண்டுகள் கழிந்தன. பல்கலைக்கழகத்தில் துருக்கி மொழி கற்பித்த சம்பளமே பிழைப்பு.

1932 ஜனவரியில், ரமளான் மாதத்தில், இஸ்தான்புல் பள்ளிவாசல்களில் குர்ஆன் துருக்கி மொழியிலேயே ஓதப்பட்டது. அதே ஆண்டில் பாங்கும் துருக்கி மொழிக்கு மாற்றப்பட்டது. 1950 வரை அந்நிலை நீடித்தது. தம் மெஆல் தொழுகையில் அரபி வசனங்களுக்குப் பதிலாக ஓதப்பட்டுவிடுமோ என்ற அச்சம் ஆகிஃபைப் பற்றிக்கொண்டது. ஒப்பந்தத்தை முறித்தார், கையில் காசில்லாத அந்நிலையிலும் முன்பணத்தைத் திருப்பிக் கொடுத்தார். மெஆலையும் பிறகு எல்மலிலியே எழுத, அவருடைய தஃப்ஸீர் 1935 முதல் ஒன்பது பாகங்களாக வெளிவந்தது.

1936 ஜூனில் கல்லீரல் நோயோடு ஆகிஃப் தாயகம் திரும்பினார். புறப்படுமுன் கைப்பிரதியை யோஸ்காத் ஊரைச் சேர்ந்த இஹ்ஸான் எஃபெந்தி என்ற ஆலிமிடம் அமானிதமாகக் கொடுத்தார். தாம் திரும்பாவிட்டால் அதை எரித்துவிட வேண்டும் என்பது வஸிய்யத். டிசம்பர் 27 அன்று இஸ்தான்புல்லில் காலமானார். அரசு மரியாதை ஏதும் இல்லை. பாயஸித் பள்ளிக்கு வந்த சாதாரணச் சந்தூக்கு யாருடையது என்றறிந்த மாணவர்கள் ஓடிச்சென்று தேசியக் கொடியும் கஃபாவின் திரையும் கொண்டுவந்து போர்த்தினர். எதிர்னேகாபி கபர்ஸ்தான் வரை தோளிலேயே சுமந்து சென்றனர்.

இஹ்ஸான் எஃபெந்தியால் உடனே எரிக்கவும் மனம் வரவில்லை; கேட்டு வந்தவர்களிடம் கொடுக்கவும் இல்லை. இருபத்தைந்து ஆண்டுகள் காத்துவைத்தார். 1961இல் அவர் மறைந்ததும் கெய்ரோவில் அக்கைப்பிரதி தீயிலிடப்பட்டது. அப்போது உடனிருந்த அவருடைய மகனே, 2005 முதல் 2014 வரை இஸ்லாமிய ஒத்துழைப்பு அமைப்பின் பொதுச் செயலாளராக இருந்த எக்மலுத்தீன் இஹ்ஸானோக்லு. அவ்வளவு பெரிய உழைப்பு சாம்பலாயிற்றே என்று நம் நெஞ்சு பதறத்தான் செய்கிறது. ஆனால் அமானிதம் என்றால் அமானிதமே.

ஆயினும் ஒரு பகுதிக்கு வேறு பிரதி இருந்திருக்கிறது. பின்னாளில் அது கண்டெடுக்கப்பட்டு 2012இல் துருக்கியில் அச்சேறியது. அல்ஃபாத்திஹாவில் தொடங்கி அத்தவ்பாவோடு அது நின்றுவிடுகிறது.